குமாரமங்கலத்த ஏன் நிறுத்துனீங்க? நம்ம பார் நிர்வாகிகளுக்கு ஒரு திறந்த மடல்

வக்கீல் சங்க நிர்வாகக் குழுவுக்கும், சனிக்கிழமை பேச்ச நடத்துற சீனியர்களுக்கும்,

போன வியாழக்கிழமை சாயங்காலம் ஒரு பாகப்பிரிவினை கேஸ்ல கிராஸ் முடிச்சுட்டு கட்ட கட்டி வெச்சுட்டு இருந்தேன், அப்பத்தான் நம்ம வாட்ஸப் குரூப்ல ஒரு வரி வந்துச்சு. தவிர்க்க இயலாத காரணங்களால் சனிக்கிழமை உரை மாற்றப்பட்டுள்ளது, அதற்குப் பதிலாக செக் பவுன்ஸ் வழக்குகளில் சமீபத்திய தீர்ப்புகள். அவ்வளவுதான். யாரு பேச இருந்தாங்க, யாரப்பத்தி பேச இருந்தாங்க, எதுவும் கெடையாது. கீழ பதினேழு பேரு கும்புடு போட்டிருந்தாங்க.

பேச இருந்தது நான். பேச இருந்தது மோகன் குமாரமங்கலம் பத்தி, நம்ம மாநிலத்துக்கு அட்வகேட் ஜெனரலா, அதாவது அரசோட தலைமை வக்கீலா இருந்து, அப்புறம் இந்திரா மந்திரிசபைல மந்திரியானவரு. அழைப்பிதழ் அடிச்சு ஒட்டியாச்சு, கேண்டீன் செவுத்துல இன்னும் இருக்கு, என் பேருக்கு மேல மட்டும் செக் பவுன்ஸ் நோட்டீஸ குத்தி வெச்சிருக்காங்க.

உடனே குழுவுல இருக்குற சீனியர் ஒருத்தருக்கு போன் போட்டேன். அவரு பேர எழுத மாட்டேன், எனக்கு வக்காலத்து எழுதவே கத்துக்குடுத்தவரு. அவரு சொன்னது: "அம்மணி, நீ நல்லா பேசுவ, அது பிரச்சன இல்ல. ஆனா இந்தாளு ஜட்ஜுங்கள மட்டந்தட்டுன ஆளு. மூணு சீனியர் ஜட்ஜ தாண்டி நாலாவது ஆள சுப்ரீம் கோர்ட் தலைமை நீதிபதியா உக்கார வெச்சத பார்லிமெண்ட்ல நின்னு நியாயம்னு பேசுனவரு. ஜட்ஜ் வேற அன்னிக்கு முன்வரிசைல உக்காந்திருப்பாரு, நமக்கு எதுக்கு வம்பு." அப்புறம் கொஞ்சம் சத்தத்த கொறச்சுட்டு, "கம்யூனிஸ்ட் வேற"ன்னாரு.

நான் பதினோரு வருஷமா இந்த பார்ல இருக்கேன். எனக்கு முன்னாடி பேச வேண்டிய இடத்துல எல்லாம் பின்னாடி நின்னிருக்கேன், அத பத்தி ஒரு நாளும் எழுதுனது இல்ல. இத மட்டும் சும்மா விட முடியல, ஏன்னா நீங்க நிறுத்துனது என் பேச்ச இல்ல, ஒரு ஆளோட கேஸ. எதிர்த்தரப்ப கேக்காம எக்ஸ்பார்ட்டி போட்டுட்டீங்க. செத்து அம்பது வருஷம் தாண்டுன ஆளுக்கு, அத ரத்து பண்ணச் சொல்லி செட் அசைடு பெட்டிஷன் யாரு போடுவா? அதான் நான் போடுறேன், இதுதான் அந்த பெட்டிஷன்.

மொதல்ல உங்க சனிக்கிழமை பேச்சு வரிசையவே எடுத்துக்கலாம். சென்னை மாகாணத்துல ஆரம்பிச்சு தமிழ்நாடு வரைக்கும் அட்வகேட் ஜெனரலா இருந்தவங்க, மாசம் ஒருத்தர். சிவசாமி அய்யர் முடிஞ்சுது. அல்லாடி கிருஷ்ணசாமி அய்யர் முடிஞ்சுது, கூட்டம் நிக்க எடமில்ல, அரசியல் நிர்ணய சபைல அவரு பண்ணுன வேலைய கேட்டு எனக்கே கண்ணு கலங்குச்சு. அதுக்கு நடுவுல சர் சி.பி. ராமசாமி அய்யர பத்தி ஒண்ணரை மணி நேரம் பேசுனோம். பேசலாம், நானும் கை தட்டுனேன். ஆனா சி.பி. திருவிதாங்கூர் திவானா இருந்தப்பத்தான் 1946ல புன்னப்புரா வயலார்ல தொழிலாளிங்க மேல துப்பாக்கிச்சூடு நடந்துச்சு. 1947ல திருவிதாங்கூர் இந்தியாவோட சேராது, தனி நாடுன்னு அறிவிச்சதும் அதே சி.பி.தான், கடைசில வெட்டுக்காயத்தோட திவான் பதவிய விட்டுட்டு போனாரு. அன்னிக்கு நம்ம மேடைல இதெல்லாம் ஒரே வரில "நிர்வாகத்தில் சில சர்ச்சைகள்"னு போச்சு. யாருக்கும் வம்பா தெரியல. ஒரு ஊரு ஆளுங்க சுடப்பட்டது சில சர்ச்சைகள், மூணு ஜட்ஜுக்கு பிரமோஷன் போனது மட்டும் மன்னிக்க முடியாத குத்தமா? எந்தத் தராசுங்க இது?

சரி, நான் என்ன பேச இருந்தேன்னு இங்கயே கொஞ்சம் சொல்லிடுறேன், மேடைதான் இல்லன்னு ஆகிப்போச்சே.

எனக்கு ஊரு திருச்செங்கோடு பக்கம். குமாரமங்கலம் எங்க ஊர்ல இருந்து டவுன் பஸ்ல போற தூரம். எங்க அப்பாரு சொல்லுவாரு, ஜமீன் பையன் சீமைக்கு படிக்கப் போயி திரும்பி வந்து ஜெயிலுக்கு போனான்னு கேட்டப்ப ஊர்ல ஒருத்தரும் நம்பலையாம். ஜமீன்தாரு பையன் ஆள ஜெயிலுக்கு அனுப்புவான், அவன் எதுக்கு போறான்னு சிரிச்சாங்களாம். ஆனா அது நெசம். அப்பா டாக்டர் பி. சுப்பராயன், 1926ல இருந்து 1930 வரைக்கும் சென்னை மாகாணத்தோட முதல் மந்திரி. அம்மா ராதாபாய், மங்களூர்ல தலித் பிள்ளைங்களுக்கு பள்ளிக்கூடம் நடத்துன குத்முல் ரங்கராவ் மகள், அந்தக் காலத்துலயே வட்டமேசை மாநாட்டுக்கு போனவங்க. மோகன் பொறந்தது 1916 நவம்பர் 1, லண்டன்ல. படிச்சது ஈட்டன், அப்புறம் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் காலேஜ், அங்க யூனியன் தலைவர். பாரிஸ்டர். இவ்வளவையும் வெச்சுக்கிட்டு ஊருக்கு வந்து கம்யூனிஸ்ட் கட்சில சேந்தாரு. சென்னை சதி வழக்குல பி. ராமமூர்த்தி, சி.எஸ். சுப்பிரமணியம், உமாநாத் இவங்களோட சேத்து இவரும் அக்யூஸ்டு. ஒரு நாள் இந்த மாநிலத்துக்கே தலைமை வக்கீலாகப் போறவரு தொழில ஆரம்பிச்சது குத்தவாளிக் கூண்டுல.

அந்த வீட்ட நெனச்சுப் பாத்தா எனக்கு இன்னும் ஆச்சரியம் தாங்கல. அண்ணன் ராணுவத்துல போயி 1966ல இந்தியாவோட தரைப்படைத் தளபதி, ஜெனரல் பி.பி. குமாரமங்கலம். தங்கச்சி பார்வதி கிருஷ்ணன், கம்யூனிஸ்ட் எம்.பி., கோயம்புத்தூர் மில் தொழிலாளிங்க இன்னும் அவங்க பேரச் சொல்லுவாங்க. நம்மாளு அதே 1966ல சென்னை மாநில அட்வகேட் ஜெனரல், அதுவும் பக்தவத்சலம் இருந்த காங்கிரஸ் ஆட்சில. ஒரே வீட்டுல தளபதி, அட்வகேட் ஜெனரல், செங்கொடி எம்.பி. தீவாளிக்கு எல்லாரும் ஒண்ணா உக்காந்து சாப்புட்டா என்னத்த பேசியிருப்பாங்களோ.

ஜூனியர்களுக்காக ஒரு விஷயம் பேச்சுல வெச்சிருந்தேன். அட்வகேட் ஜெனரல்னா கீழ்கோர்ட்ல இருக்குற அரசு வக்கீல் மாதிரி, ஒரு பெரிய ஜி.பி.ன்னு நெனச்சுட்டு இருக்காங்க நெறையப் பேரு. அரசியல் சட்டம் 165வது பிரிவு, கவர்னர் நியமிக்கிறாரு, ஹைகோர்ட் ஜட்ஜ் ஆகுற தகுதி இருக்கணும், கவர்னர் விரும்புற வரைக்கும்தான் பதவி. 177வது பிரிவு இன்னும் வேடிக்கை, அவரு சட்டசபைக்குள்ள போலாம், பேசலாம், கமிட்டில உக்காரலாம், ஆனா ஓட்டுப் போட முடியாது. சட்டம் எழுதுற எடத்துல வாய் இருக்கும், கை இருக்காது. 1967 தேர்தல்ல காங்கிரஸ் போச்சு, இவரும் அந்த நாற்காலிய விட்டாரு. 1971ல புதுச்சேரில நின்னு ஜெயிச்சு லோக்சபாவுக்கு போயி இந்திரா மந்திரிசபைல உருக்கு சுரங்கத்துறை வாங்குனாரு. இப்ப கையும் வந்துருச்சு. வெறும் அபிப்ராயம் சொல்ற வக்கீலா இருந்தவரு முடிவு எடுக்குற எடத்துக்கு வந்தா என்ன ஆகும், நல்லதும் சரி கெட்டதும் சரி, அதுதான் என் பேச்சோட மொத்த விஷயமே.

நல்லத மொதல்ல சொல்றேன். அதுக்கு எங்கப்பாவ கூப்புடணும்.

எங்கப்பா ரிக் வண்டில போனவரு. திருச்செங்கோட்டு ஆளுங்களுக்கு இதுக்கு மேல விளக்கம் தேவையில்ல, மத்தவங்களுக்குச் சொல்றேன், போர்வெல் போடுற லாரி, எங்கூர்ல இருந்து கெளம்பி இந்தியா முச்சூடும் சுத்தும், ஆறு மாசம் எட்டு மாசம் வீட்டுக்கு வராது. 1980கள்ல தன்பாத் பக்கம் வண்டி போட்டிருந்தாங்க. ஜாரியால கீழ நெலக்கரி எரிஞ்சுட்டே இருக்கும், வெடிப்புல பொகை வரும், செருப்பு சுடும், அந்த மண்ணுல எப்படி மனுசன் குடியிருக்கான்னு அப்பா இன்னிக்கும் சொல்லுவாரு. அங்க டீக்கடைல ஒரு வயசான சுரங்கத் தொழிலாளி, எந்த ஊருன்னு கேட்டிருக்காரு. மதராஸ்னு அப்பா சொல்லியிருக்காரு. அந்தக் கெழவர் சட்டுனு, குமாரமங்கலம் ஊரான்னு கேட்டாராம். அப்பாவுக்கு தூக்கிவாரிப் போட்டுருச்சு. அவருக்குத் தெரிஞ்ச குமாரமங்கலம், ரேஷன் கடை இருக்குற ஊரு. ஆமா பக்கத்துலதான்னு சொல்லியிருக்காரு, அந்தாளு டீக்கு காசு வாங்க விடலயாம்.

முன்ன எல்லாம் சுரங்க முதலாளியோட ஆளு தடிய வெச்சுட்டு நிப்பான், கூலி கைக்கு வர்றதுக்குள்ள பாதி போயிரும், மேல சுலபமா கெடைக்கிற கரிய மட்டும் அள்ளிட்டு அடில தூணக்கூட வெக்காம வெட்டுவானுங்க, இடிஞ்சு விழுந்தா யாரு கணக்கு கேக்குறதுன்னு அந்தப் பெரியவர் அரைகுறை இந்தில சொன்னத அப்பா அரைகுறையா புரிஞ்சுட்டு வந்து எங்ககிட்ட சொன்னாரு. காலேஜ்ல நான் லா படிக்கும்போதுதான் அத தேதியோட பாத்தேன். 1971 அக்டோபர்ல கோக்கிங் கரி, அதாவது உருக்காலைக்கு ஆகுற கரி சுரங்கங்கள அரசு கைல எடுத்தாங்க, 1972 மே 1ல தேசியமயம். 1973 ஜனவரி கடைசில மத்த சுரங்கங்க, அந்த வருஷம் மே 1ல அதுவும் தேசியமயம். ரெண்டு தடவையும் மே 1, அது தற்செயலா இருக்கும்னு நான் நம்பல, பழைய தோழர் ஆச்சே. அந்த ஜனவரிலயே 24ந் தேதி செயில், அரசோட உருக்குக் கம்பெனி, பதிவாச்சு. இன்னிக்கு கஞ்சமலை அடிவாரத்துல நிக்கிற சேலம் உருக்காலை அந்த செயில்ல ஒரு யூனிட்டு, எங்க பெரியப்பா முப்பது வருஷம் அங்க ஷிப்ட் பாத்து ரெண்டு பொண்ணுங்கள கட்டிக் குடுத்தாரு. தேசியமயம் எல்லாமே நல்லதா முடிஞ்சுதுன்னு நான் சொல்ல வரல. ஜாரியா நெருப்பு இன்னும் அணையல, கரில நடந்த திருட்டு ஊரறிஞ்சது. ஆனா ஒரு சட்டத்த எழுதி கடைசி மனுசன் டீக்கு காசு வாங்காத அளவுக்கு கொண்டுபோன வக்கீலுங்க எத்தன பேரு? நம்ம பார்ல சொல்லுங்க பாப்போம்.

இப்ப கெட்டது. நீங்க பயந்த எடம். இதையும் நான் மறைக்க இல்ல, பேச்சுல சரிபாதி இதுதான், பன்னெண்டு பக்கம்.

1967ல அடிப்படை உரிமைய பார்லிமெண்ட் குறைக்க முடியாதுன்னு சொன்ன கோலக்நாத் கேஸ், 1970ல பேங்க் தேசியமயம் கேஸ், அதே வருஷம் மன்னர் மானியம் கேஸ், மூணுலயும் அரசு தோத்துச்சு. 1971ல பார்லிமெண்ட்டோட கைய ஓங்க வெக்கிற 24வது, 25வது அரசியல் சட்டத் திருத்தங்க வந்துச்சு, அத எதிர்த்து கேசவானந்த பாரதி கேஸ். பதிமூணு ஜட்ஜ். 1973 ஏப்ரல் 24, ஏழுக்கு ஆறு, அடிப்படைக் கட்டமைப்ப பார்லிமெண்ட் தொட முடியாதுன்னு தீர்ப்பு. மறுநாள் சாயங்காலம் ரேடியோல நியூஸ், அடுத்த தலைமை நீதிபதி ஏ.என். ரே. அவருக்கு மேல இருந்த ஷெலட், ஹெக்டே, குரோவர் மூணு பேரும் தாண்டப்பட்டாங்க. மூணு பேரும் அரசுக்கு எதிர்ப்பக்கம் தீர்ப்பு எழுதுனவங்க, ரே அரசுக்கு ஆதரவா எழுதுனவரு, பேங்க் கேஸ்ல தனியா நின்னு அரசு பக்கம் எழுதுனவரும் அவரேதான். மூணு பேரும் ராஜினாமா. நாடு முழுக்க வக்கீலுங்க கோர்ட்டுக்கு போகல.

லோக்சபால கேள்வி வந்தப்ப சட்ட மந்திரி கோகலே இருந்தாரு. ஆனா அரசு பக்கம் அடிச்சு ஆடுனது உருக்கு மந்திரி. ஸ்டீல் மந்திரிக்கு ஜட்ஜ் நியமனத்துல என்ன வேலைன்னு அப்பவே கேட்டிருக்காங்க, நியாயமான கேள்வி. அவரு வாதம் ரெண்டு கால்ல நின்னுச்சு. ஒண்ணு, தலைமை நீதிபதிய வெறும் சீனியாரிட்டி பாத்து போடக்கூடாதுன்னு 1958லயே செதல்வாட் தலைமைல சட்டக் கமிஷன் 14வது அறிக்கைல சொல்லியிருக்கு, நாங்க புதுசா எதுவும் பண்ணலங்குறது. ரெண்டு, ஒரு ஜட்ஜோட சமூகப் பார்வை என்ன, காலத்தோட போற மனுசனா, அத அரசு பாக்கத்தான் செய்யும்ங்குறது.

மொத கால்ல ஒரு ஞாயம் இருக்கு. ரெண்டாவது கால்ல நான் அவரோட நிக்க மாட்டேன். சட்டக் கமிஷன் சொன்னது தகுதி, நிர்வாகத் திறமை, அத பாத்துப் போடுங்கன்னு. எங்க பக்கம் தீர்ப்பு எழுதுறவனா பாத்துப் போடுங்கன்னு இல்ல. அறிக்கைல பாதிய படிச்சுட்டு மீதிய மடிச்சு வெக்கிறது நம்ம எல்லாரும் தெனமும் கோர்ட்ல பண்றதுதான், ஆனா அட்வகேட் ஜெனரலா இருந்த ஆளு பார்லிமெண்ட்ல பண்ணக்கூடாது. அதுவும் தீர்ப்பு வந்த மறுநாளே. ஒரு வாரம் பொறுத்திருந்தாக்கூட வேஷமாச்சும் மிஞ்சியிருக்கும்.

அதோட வெலைய நாம குடுத்தோம். 1976 ஏப்ரல் 28, எமர்ஜென்சி, ஆட்கொணர்வு வழக்கு, உயிர் வாழ்ற உரிமைய கேட்டுக்கூட கோர்ட்டுக்கு வர முடியாதுன்னு நாலு பேரு எழுதுனாங்க, தலைமை ஏ.என். ரே. எச்.ஆர். கன்னா ஒருத்தர்தான் முடியாதுன்னு தனியா எழுதுனாரு. 1977 ஜனவரில அவர தாண்டி பெய்க்க தலைமை நீதிபதியா போட்டாங்க. 1973ல தொறந்த அதே கதவு வழியாத்தான் 1977ம் உள்ள வந்துச்சு. அந்தக் கதவத் தொறந்த கைகள்ல குமாரமங்கலத்தோடதும் ஒண்ணு. இத நான் உங்க மேடைல, ஜட்ஜ் முன்னாடி, மைக்ல சொல்ல இருந்தேன். நீங்க என்ன பயந்தீங்க, நான் அவருக்கு மாலை போட்டுட்டு எறங்கிருவேன்னா?

இன்னொன்னு சொல்றேன், கோவிச்சுக்காதீங்க. எனக்கு என்ன தோணுதுன்னா, உங்கள உறுத்துறது நீதித்துறை சுதந்திரம் இல்ல. சீனியாரிட்டி. நம்ம பார்ல நாற்காலி சீனியாரிட்டி, லைப்ரரி பீரோ சாவி சீனியாரிட்டி, மைக் சீனியாரிட்டி, டூர் போனா பஸ்ல ஜன்னல் சீட்டு வரைக்கும் சீனியாரிட்டி. போன வருஷம் லைப்ரரி கமிட்டிக்கு எம் பேரு வந்தப்ப, உனக்கு முன்னாடி ஒம்போது பேரு இருக்காங்க கண்ணுன்னு சொன்னீங்க, அந்த ஒம்போது பேர்ல ஆறு பேரு லைப்ரரிக்குள்ள வந்து நான் பாத்ததே இல்ல. அப்பேர்ப்பட்ட எடத்துல சீனியாரிட்டிய தொட்ட ஒரு ஆளப்பத்தி பேசுனா கொஞ்சம் குளிரத்தான் செய்யும். ஆனா இந்தக் கேள்வி செத்துப்போன கேள்வியா? 1993ல ஜட்ஜுங்களே ஜட்ஜ தேர்ந்தெடுக்குற கொலீஜியம் வந்துச்சு, 2015 அக்டோபர்ல தேசிய நீதிபதிகள் நியமனக் கமிஷன சுப்ரீம் கோர்ட் ரத்து பண்ணுச்சு, யாரு ஜட்ஜ போடுறதுன்னு இன்னிக்கு வரைக்கும் சண்டை ஓயல. அந்தச் சண்டைல அரசு பக்கம் பேசுறவங்க எல்லாரும், தெரிஞ்சோ தெரியாமலோ, எங்கூர்க்காரர் 1973ல வெச்ச வாதத்தத்தான் தூசி தட்டி வெக்கிறாங்க. எதிரியோட வாதத்த படிக்காமயே எப்படிங்க பதில் வாதம் பண்ணுவாங்க நம்ம ஜூனியருங்க?

கம்யூனிஸ்ட்டுன்னு சீனியர் மெதுவா சொன்னாருல்ல, அதுக்கும் ஒரு வார்த்த. அவரு கட்சிய விட்டு காங்கிரசுக்கு வந்தவரு, உள்ள இருந்தே காங்கிரச எடதுபக்கம் திருப்பப் பாத்தவருன்னு ஒரு பேரு, அதனால பழைய தோழருங்களும் நம்பல, பழைய காங்கிரஸ்காரங்களும் நம்பல. பையன் ரங்கராஜன் குமாரமங்கலம் நம்ம சேலத்துல காங்கிரஸ் எம்.பி., அப்புறம் பிஜேபி போயி திருச்சில எம்.பி., வாஜ்பாய் ஆட்சில மின்சார மந்திரி. அந்தக் குடும்பத்துல எல்லா கட்சிக்கும் ஆளு உண்டு. கட்சி பாத்து பயப்படணும்னா நீங்க எல்லாருக்கும்தான் பயப்படணும்.

அவரு முடிவு எல்லாருக்கும் தெரியும்னு நெனச்சேன், போன மாசம் கேட்டுப் பாத்தா எட்டு ஜூனியர்ல ஒருத்தருக்கும் தெரியல. 1973 மே 31, மெட்ராஸ்ல இருந்து டெல்லி போன இந்தியன் ஏர்லைன்ஸ் 440. பாலம் ஏர்போர்ட்ட நெருங்கும்போது புழுதிப் புயல், கீழ எறங்கி மின்கம்பில மாட்டி விழுந்துச்சு. 65 பேர்ல 48 பேரு போய்ட்டாங்க. இவரு அதே இந்தியன் ஏர்லைன்சுக்கு சேர்மனா இருந்தவரு. வயசு 56. பார்லிமெண்ட்ல அந்தப் பேச்சு பேசி ஒரு மாசங்கூட முழுசா ஆகல. அதே பிளைட்ல கோயம்புத்தூர் எம்.பி. பாலதண்டாயுதமும் இருந்தாரு, அவரும் போய்ட்டாரு. அந்த கோயம்புத்தூர் சீட்டுக்கு 1974ல இடைத்தேர்தல் வந்தப்ப நின்னு ஜெயிச்சது பார்வதி கிருஷ்ணன். அண்ணன் செத்த பிளைட்ல செத்த தோழரோட நாற்காலில போயி அந்தம்மா உக்காந்தாங்க. அத எழுதும்போது மட்டும் நான் டைப் பண்றத நிறுத்திட்டு வெளிய போயி நின்னேன்.

அப்புறம் நடந்தத அவரு பாக்கல. எமர்ஜென்சியும் பாக்கல, கன்னாவையும் பாக்கல, யார தாண்டுனது நியாயம்னு தான் பேசுனாரோ அந்த ஹெக்டே 1977ல ஜெயிச்சு வந்து லோக்சபா சபாநாயகரா உக்காந்ததையும் பாக்கல. இருந்திருந்தா மாறியிருப்பாரா, இன்னும் முறுக்கியிருப்பாரா, அது எனக்குத் தெரியாது, தெரிஞ்ச மாதிரி பேசுறவங்கள நான் நம்புறதும் இல்ல.

சேலத்துல அவரு பேர்ல அரசு மருத்துவக் கல்லூரி இருக்கு. எங்க வீட்டுல ரெண்டு பிரசவம் அங்கதான். போர்டுல முழுப் பேரு இருக்கும், ஆனா ஜனங்க ஜிஹெச்னுதான் சொல்லும். கூட வந்த எங்க சித்தி ஒருக்கா கேட்டாங்க, மோகன் குமாரமங்கலம்னா டாக்டரான்னு. சித்தி கேட்டா பரவால்ல. நம்ம பார்ல ஒரு வக்கீல் கேக்கக்கூடாதுல்ல? போன மாசம் ஒருத்தர் கேட்டாரு.

இனி நான் கேக்குறது.

நிறுத்துன பேச்ச இன்னும் ரெண்டு மாசத்துக்குள்ள அதே சனிக்கிழமை வரிசைல, அதே ஹால்ல வெக்கணும். பழைய தலைப்பே போதும், மாத்த வேணாம். பேச்சு மொத்தமும் நாப்பது நிமிஷம், அதுக்கு மேல ஒரு நிமிஷம் கேக்க மாட்டேன்.

1973 தப்புன்னு நெனக்கிற சீனியர் யாராச்சும், என்னையும் விட கடுமையா நெனக்கிறவரு, அதே மேடைல எனக்கப்புறம் ஏறி பேசணும். அவருக்கும் நாப்பது நிமிஷம். ஷெலட், ஹெக்டே, குரோவர் பக்கத்த முழுசா எடுத்து வெக்கட்டும். அப்புறம் ஜூனியருங்க கேள்வி கேக்கட்டும், கேள்விய முன்னாடியே சீட்டுல எழுதி வாங்கி வடிகட்ட வேணாம்.

வியாழக்கிழமை மாத்துனது யாரோட முடிவு, குழு கூடுச்சா, கூடுனா எந்தத் தேதில, என்ன காரணம், இத மினிட்ஸ் புக்ல எழுதி அடுத்த பொதுக்குழுல வாசிக்கணும். தவிர்க்க இயலாத காரணம்னு வாய்தா கேட்டா முன்சீப்பே இப்பல்லாம் குடுக்குறதில்ல. இனிமே ஒப்புக்கிட்ட பேச்ச மாத்துறதா இருந்தா பேசுறவங்களுக்கு ஒரு வாரம் முன்னாடி எழுத்துல சொல்லணும், வாட்ஸப்புல இல்ல.

லைப்ரரிக்கு ரெண்டு வேணும். 1973 மே மாசத்து லோக்சபா விவாதத்தோட பிரதி, ரெண்டு பக்கமும் பேசுனது முழுசா. சட்டக் கமிஷனோட 14வது அறிக்கை, ரெண்டு வால்யூமும். என்கிட்ட இருக்குற ஜெராக்ஸ தர்றேன், பைண்டிங் செலவ சங்கம் ஏத்துக்கணும். பீரோ சாவி யாருகிட்ட இருந்தாலும் சரி, கோர்ட் நேரத்துல அது தொறந்திருக்கணும்.

அப்புறம் அந்த கேண்டீன் செவுத்து நோட்டீஸ். செக் பவுன்ஸ் நோட்டீஸ எடுத்து வேற எடத்துல ஒட்டுங்க, அழைப்பிதழ கிழிக்க வேணாம், தேதிய மட்டும் பேனால திருத்துனா போதும். ரெண்டாவது சனிக்கிழமை மட்டும் எனக்கு முடியாது, அப்பாவ கண்ணாஸ்பத்திரி கூட்டிட்டு போகணும். மத்த எந்தச் சனிக்கிழமையும் சரி.

இப்படிக்கு,
செவுத்துல பேரு மறைஞ்சு கெடக்குற உங்க ஜூனியர்